உங்கள் பாட்டியின் அம்மா பேர் என்ன?

வாசகர்களே, ஒரு சின்னக் கேள்வி. உங்கள் அப்பா பேர் தெரியும். தாத்தா பேரும் தெரியும், அப்பாவின் அடையாளக் கார்டிலேயே இருக்கிறது. தாத்தாவின் அப்பா பேர் என்ன? சரி, அதையும் சொல்லிவிட்டீர்கள் என்றே வைத்துக்கொள்வோம். உங்கள் பாட்டியின் அம்மா பேர் என்ன?

தொலைக்காட்சிக் கலந்துரையாடலில் இதை அரங்கத்தில் இருந்தவர்களிடம் கேட்டேன். முதல் கேள்விக்கு எல்லாக் கைகளும் உயர்ந்தன. கடைசிக் கேள்விக்கு கிள்ளானிலிருந்து வந்திருந்த ஓர் அம்மாள் மட்டும் கை தூக்கினார். "பேர் தெரியாதுங்க. தோட்டத்துல எல்லாரும் வெள்ளச்சின்னு கூப்பிடுவாங்களாம்" என்றார். சிலர் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஒரு குடும்பத்தின் சுவடியில் அந்த ஒரு சொல் எவ்வளவு பெரிய சொத்து என்பதைக் கொஞ்சம் பொறுத்துச் சொல்கிறேன். நிகழ்ச்சியில் விளம்பர இடைவேளை போக மிஞ்சிய நேரத்தில் சொல்ல முடியாமல் போனவற்றை இங்கே எழுதுகிறேன்.

முதலில் ஒரு வெளிநாட்டுக் கதை. கனடாவின் கிழக்குக் கரையில் இன்று நோவா ஸ்கோஷியா என்று அழைக்கப்படும் பகுதிக்கு ஒரு காலத்தில் அக்காடியா என்று பேர். 1600களில் பிரான்சிலிருந்து வந்து குடியேறிய விவசாயக் குடும்பங்கள் அங்கே வாழ்ந்தன. கடல் நீரை மண் கரை கட்டித் தடுத்து, சதுப்பு நிலத்தை வயலாக்கியவர்கள். பிறகு அந்த மண் பிரிட்டிஷார் கைக்குப் போனது. நிபந்தனையில்லாமல் எங்கள் அரசருக்கு விசுவாசப் பிரமாணம் எடு என்றார்கள் அவர்கள். அக்காடியர் மறுத்தார்கள். 1755 செப்டம்பர் 5ஆம் தேதி கிரான்ப்ரே என்ற ஊரில் ஆண்களை எல்லாம் தேவாலயத்துக்கு வரச் சொல்லிக் கதவை அடைத்து, உங்கள் நிலமும் ஆடு மாடும் இனி உங்களுடையவை அல்ல, நாட்டை விட்டு அனுப்பப்படுகிறீர்கள் என்று அறிவித்தார்கள். அடுத்த எட்டு ஆண்டுகளில் பத்தாயிரம் பேருக்கு மேல் கப்பலேற்றப்பட்டு அமெரிக்கக் குடியேற்றங்களுக்கும் இங்கிலாந்துக்கும் பிரான்சுக்கும் சிதறடிக்கப்பட்டார்கள். பின்னாளில் அமெரிக்காவின் லூசியானாவுக்குப் போய்ச் சேர்ந்தவர்களின் வம்சத்தைத்தான் இன்று கேஜன் மக்கள் என்கிறார்கள். அக்காடியன் என்ற சொல்தான் தேய்ந்து கேஜன் ஆனது.

இதை நமக்கு ஏன் சொல்கிறேன்? நாம் துரத்தப்பட்டு வந்தவர்கள் அல்லர், பஞ்சத்துக்கும் கடனுக்கும் வந்தவர்கள். இரண்டும் ஒன்றில்லை. ஆனால் சிதறிய பிறகு அந்த மக்கள் செய்த இரண்டு காரியங்கள் என் தூக்கத்தைக் கெடுத்தன.

ஒன்று, கிரான்ப்ரேயிலிருந்து கப்பலேறிய மக்கள் தங்கள் தேவாலயத்தின் பிறப்பு, திருமண, இறப்புப் பதிவேட்டைக் கையோடு எடுத்துப் போனார்கள். வீடு எரிகிறது, வயல் பறிபோகிறது, அவர்கள் காப்பாற்றியது பேர் எழுதிய நோட்டை. அது ஊர் ஊராகச் சுற்றி லூசியானா போய்ச் சேர்ந்தது. இன்றும் அங்கே பேட்டன் ரூஜ் நகரத் திருச்சபை ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது.

இரண்டாவதுதான் எனக்கு மிகவும் பிடித்தது. பிரான்சின் கடலோரத்தில் பெல் ஈல் என்று ஒரு தீவு. அங்கே 1765இல் 78 அக்காடியக் குடும்பங்களைக் குடியேற்றினார்கள். பலருடைய பழைய பதிவேடுகள் கிடைக்கவில்லை. 1767இல் ஒவ்வொரு குடும்பத் தலைவரையும் கூப்பிட்டு உட்கார வைத்து, நீ யார், உன் தகப்பன் யார், தாய் யார், அவர்கள் எந்த ஊரில் யாரை மணந்தார்கள், யார் எங்கே செத்தார்கள் என்று கேட்டு, சத்தியம் வாங்கி எழுதிக்கொண்டார்கள். மனிதர்களின் ஞாபகமே பதிவேடாயிற்று. இன்று உலகெங்கும் அக்காடிய வம்சாவளி தேடுகிறவர்கள் அந்த வாக்குமூலங்களைப் புரட்டுகிறார்கள். 1994 முதல் நடந்துவரும் உலக அக்காடியர் மாநாட்டில், ஒரே குடும்பப் பேர் கொண்டவர்கள் பல நாடுகளிலிருந்து வந்து ஒன்று கூடுகிறார்கள்.

அவர்களுக்கு லெப்ளாங், லாந்ரி, கோர்மியே என்று தலைமுறை தலைமுறையாக மாறாத குடும்பப் பேர் உண்டு. நமக்கு அது இல்லை. அப்பா பேர் மகனுக்கு வால், மகன் பேர் பேரனுக்கு வால். 'அனாக் லெலாக்கி', 'அனாக் பெரம்புவான்' என்று இங்கே எழுதுகிறோம். இரண்டு தலைமுறைக்கு மேல் கயிறு அறுந்துவிடுகிறது. இதில் ஒரு வேடிக்கை. அக்காடியக் கிராமங்களிலும் ஒரே பேரில் பலர் இருந்ததால், பால் மகன் ஜானுடைய மகன் பியேர் என்று மூன்று தலைமுறையைச் சேர்த்தே கூப்பிடுவார்கள். பட்டப் பேரும் உண்டு. லூசியானாவுக்கு 1765இல் ஒரு கூட்டத்தை அழைத்துப் போன தலைவர் ஜோசப் புரூசார். அவருடைய பட்டப் பேரும் ஆவணங்களில் ஏறியிருக்கிறது. அதை வைத்துத்தான் எந்த ஜோசப் என்று அடையாளம் காண்கிறார்கள். வெள்ளச்சி என்ற பேருக்கு நான் ஏன் சிரிக்கவில்லை என்று இப்போது புரியும். ஒரு தோட்டத்தில் ஐந்து லெட்சுமி இருக்கலாம். வெள்ளச்சி ஒருத்திதான் இருந்திருப்பாள்.

இனி நம் கதைக்கு வருவோம். மொரிஷியசுக்கும் பிஜிக்கும் ஒப்பந்தக் கூலியாகப் போனவர்களுக்கு ஆளுக்கொரு சீட்டு எழுதினார்கள். தகப்பன் பேர், ஊர், தாலுகா, சாதி, உயரம், உடம்பில் உள்ள மச்சம் வரை அதில் இருக்கும். மொரிஷியசில் மகாத்மா காந்தி நிலையத்தில் அந்த ஏடுகளைப் பாதுகாக்கிறார்கள். அங்கே ஒருவர் தன் பாட்டனின் புகைப்படத்தைக்கூடக் கண்டுபிடிக்க முடிகிறது. மலாயாவுக்கு ஒப்பந்த முறை 1910இல் தடை செய்யப்பட்டது. இருபதாம் நூற்றாண்டில் வந்த நம் முன்னோர்களில் மிகப் பலர் கங்காணி முறையில் வந்தவர்கள். உரிமச் சீட்டு வாங்கிய கங்காணி தன் சொந்த ஊருக்கே போய், உற்றார் உறவினரையும் பக்கத்து ஊர்க்காரரையும் திரட்டி, ஆவடி, நாகப்பட்டினம் முகாம்கள் வழியாகக் கப்பலேற்றினார். இந்திய அரசாங்கம் 1938இல் இதையும் நிறுத்தியது. மொரிஷியஸ் மாதிரி பேர் பேராகத் தேடிப் பார்க்கும் தொகுப்பு நமக்குக் கிடையாது. வந்தவர்கள் தலைக்கணக்கில்தான் வந்தார்கள்.

ஆனால் கங்காணி முறையே நமக்கு ஒரு தடயத்தையும் விட்டுப் போயிருக்கிறது. ஊர்க்காரனை ஊர்க்காரனே அழைத்து வந்ததால், ஒரு தோட்டத்து லயத்தில் இருந்தவர்கள் பெரும்பாலும் அக்கம்பக்கத்துக் கிராமத்தவர்கள். உங்கள் குடும்பத்துக்கு ஊர்ப் பேர் மறந்து போயிருந்தால், அதே தோட்டத்தில் இருந்த இன்னொரு குடும்பத்துக்கு ஞாபகம் இருக்கும். அங்கே போய்க் கேளுங்கள்.

கப்பல் என்றாலே பெரியவர்கள் சொல்வது 'ரஜூலா'. 1926இல் கட்டப்பட்ட அது, ஐயாயிரம் பேருக்கு மேல் ஏற்ற உரிமம் பெற்ற கப்பல். சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, போர்ட் சுவெட்டன்ஹாம், சிங்கப்பூர் என்று 1973 வரை ஓடியது. பிறகு வந்த 'சிதம்பரம்' 1984இல் தீப்பிடித்ததோடு அந்தக் கடல் வழியே மூடிப்போனது. அப்பாயி எந்தக் கப்பலில் வந்தார் என்று தெரிந்தால், வந்த ஆண்டைக் கிட்டத்தட்டப் பிடித்துவிடலாம்.

அடுத்து, பேர் சிதைந்த கதை. பிள்ளை பிறந்ததும் விவரம் சொல்லப் போவது தகப்பன். அவருக்கு எழுதத் தெரியாது. எழுதுபவர் தோட்டத்துக் கிராணி அல்லது டிரெசர். காதில் விழுந்தபடி ஆங்கிலத்தில் எழுதுவார். ஒரே வயிற்றில் பிறந்த மூன்று பிள்ளைகளின் பத்திரத்தில் அம்மா பேர் லட்சுமி, லெட்சுமி, லெச்சிமி என்று மூன்று விதமாக இருக்கும். எங்கள் குடும்பத்தில் என் அப்பாவுக்கும் சித்தப்பாவுக்கும் தகப்பன் பேரே ஓர் எழுத்து வித்தியாசம். அரசாங்கக் கணக்கில் அவர்கள் அண்ணன் தம்பி என்று நிரூபிக்க ஒரு நிலப் பத்திர விவகாரத்தில் சத்தியக் கடிதம் எடுக்க வேண்டி வந்தது. சிரிக்கவா அழவா?

பிறந்த தேதியும் அப்படித்தான். "ஜப்பான்காரன் வந்தப்ப நடக்கிற பிள்ளை" என்பார்கள். அடையாளக் கார்டு இங்கே 1948இல், அவசர காலத்தில்தான் வந்தது. அன்றைக்கு அதிகாரி குத்துமதிப்பாகப் போட்ட வயதுதான் பலருக்கு நிலைத்துவிட்டது.

ஜப்பான்காரன் என்றதும் இன்னொன்றைச் சொல்ல வேண்டும். நம்மவர்களின் வம்சாவளியை எழுத உட்கார்ந்தால், எத்தனையோ வீடுகளில் 1942க்கும் 1945க்கும் நடுவே பேனா நின்றுவிடுகிறது. "தாத்தா சயாமுக்குப் போனார், திரும்பலை." அவ்வளவுதான். 415 கிலோமீட்டர் சயாம் ரயில் பாதைக்கு மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரக்கணக்கான தமிழர்களை ஏற்றிக்கொண்டு போனார்கள். அங்கே இறந்த நேசநாட்டுப் போர்க்கைதிகளுக்குக் காஞ்சனாபுரியில் பேர் பொறித்த கல்லறைகள் வரிசையாக இருக்கின்றன. தோட்டத்து ஆள்களுக்கு அப்படி இல்லை. அவர்களுடைய பேர் இருக்கும் ஒரே இடம் அவர்கள் வீட்டு மனிதர்களின் வாய். அந்த வாய்களுக்கு இப்போது தொண்ணூறு வயதாகிறது.

அடுத்து, தோட்டமே காணாமல் போனது. ஐம்பதுகளிலும் அறுபதுகளிலும் தோட்டத் துண்டாடல் நடந்தபோது ஆயிரக்கணக்கான குடும்பங்கள் வேலையும் வீடும் இழந்தன. அதைத் தடுக்கத்தான் துன் வீ. தி. சம்பந்தன் 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கித் தொழிலாளர்களிடம் பத்துப் பத்து வெள்ளியாகச் சேர்த்தார். கிள்ளான் பள்ளத்தாக்கில் மிச்சமிருந்ததை வீடமைப்புத் திட்டங்கள் எடுத்துக்கொண்டன. எங்கள் அம்பாங்கிலிருந்து கொஞ்ச தூரத்தில் இருக்கும் வங்சா மாஜு ஒரு காலத்தில் ஹாத்தோர்ண்டன் ரப்பர் தோட்டம். பங்சார் என்ற பேரே அங்கிருந்த தோட்ட நிறுவனத்தின் பேரிலிருந்து வந்தது. இன்று காப்பி குடிக்கப் போகிறவர்களுக்கு அது தெரியாது. உங்கள் பாட்டியின் பிறப்புப் பத்திரத்தில் இருக்கும் முகவரியைத் தேடிப் போனால் அங்கே பேரங்காடியோ நெடுஞ்சாலையோ இருக்கும். பிரிக்ஃபீல்ட்ஸ் ரயில்வே குவாட்டர்ஸ் வாசிகளுக்கும் இதே அனுபவம்தான். ஒன்று மட்டும் வேறு. ரயில்வேயிலும் அரசு அலுவலகங்களிலும் வேலைக்கு வந்த யாழ்ப்பாணத்தார் எழுதத் தெரிந்தவர்களாக வந்தார்கள். அவர்கள் குடும்பக் கதைகளுக்கு எழுத்தில் இருக்கும் ஆதாரம் நம் தோட்டத்துக் குடும்பங்களுக்கு இல்லை.

இதெல்லாம் பழங்கதை, இப்போது எதற்கு என்று அரங்கில் ஓர் இளைஞர் கேட்டார். அவருக்கு நான் சொன்ன பதில் இது. 1982 மார்ச் 1ஆம் தேதி முதல் இந்நாட்டில் முஸ்லிம் அல்லாதார் திருமணம் சட்டப்படி பதிவு செய்யப்பட வேண்டும். கோயிலில் தாலி கட்டி, பதிவை விட்டுவிட்டவர்கள் நம்மில் ஏராளம். அப்படிப் பிறந்த பிள்ளையின் குடியுரிமை தாயின் குடியுரிமையைப் பொறுத்தது. தாய்க்குப் பத்திரம் இல்லையென்றால் அவளுடைய தாய்க்கு என்ன இருந்தது என்று தேடிப் போக வேண்டும். அதாவது, பாட்டி எங்கே எப்போது பிறந்தார், எந்தத் தோட்டத்தில் பேர் பதிந்தார் என்ற விவரம் பேத்தி பள்ளிக்கூடம் போவதற்கு வேண்டியிருக்கிறது. இந்தியாவின் ஓ.சி.ஐ. அட்டை கேட்பவர்களுக்கும் மூதாதையர் பற்றிய ஆதாரம் தேவை. அது இரண்டாம் பட்சம்.

சரி, எங்கே தேடுவது? முதலில் வீட்டில். எல்லார் வீட்டிலும் ஒரு பழைய பிஸ்கட் டின் இருக்கும். அதற்குள் பழைய காகித அடையாளக் கார்டு, இந்தியப் பாஸ்போர்ட், மணியார்டர் ரசீது, ஊரிலிருந்து வந்த நீல நிறக் கடிதம் எல்லாம் கிடக்கும். கடித உறையைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். உள்ளே "இவ்விடம் அனைவரும் நலம்" என்றுதான் இருக்கும். உறையின் பின்பக்கத்தில்தான் ஊர், தபால் நிலையம், தாலுகா எல்லாம் இருக்கும். 1951இல் தொடங்கிய ஊழியர் சேமநிதியின் பழைய தாள்களில் தோட்டத்தின் பேர் கிடைக்கும்.

ஊர்ப் பேர் கிடைத்ததும் பலர் இடறுவது ஜில்லாவில். பத்திரத்தில் 'திருச்சி ஜில்லா' என்று இருக்கும். இன்றைய திருச்சி மாவட்டத்தில் தேடினால் ஊர் கிடைக்காது. காரணம், கரூரும் பெரம்பலூரும் 1995 வரை திருச்சி மாவட்டத்தில் இருந்தவை. நாமக்கல் 1997இல் சேலத்திலிருந்து பிரிந்தது. தென்னாற்காடு என்று இருந்தால் 1993க்குப் பிறகு அது கடலூர் அல்லது விழுப்புரம். கள்ளக்குறிச்சிப் பக்கம் என்றால் 2019 முதல் அதுவும் தனி மாவட்டம். வடாற்காடு 1989இல் வேலூர், திருவண்ணாமலைப் பக்கங்களாகப் பிரிந்தது. ஆகவே ஜில்லாவை நம்பாதீர்கள், தாலுகாவைப் பிடியுங்கள்.

யாரும் யோசிக்காத ஓர் இடம் பத்திரிகையின் மரண அறிவித்தல். 1924 முதல் 2019 வரை கோலாலம்பூரிலிருந்து வெளிவந்த தமிழ் நேசனை எடுத்துக்கொள்ளுங்கள். கருமக்கிரியை அறிவிப்பில் மகன்கள், மருமகள்கள், மகள்கள், மருமகன்கள், பேரப்பிள்ளைகள் என்று அத்தனை பேரும் வரிசையாக இருப்பார்கள். இருந்த தோட்டம், சிலவற்றில் தமிழகத்துச் சொந்த ஊர் வரைக்கும் இருக்கும். ஒரு வம்சாவளி மரமே இரண்டு அங்குலத்தில் அச்சாகியிருக்கும். இறந்த ஆண்டு தெரிந்தால் தேசிய நூலகத்திலோ மலாயாப் பல்கலைக்கழக நூலகத்திலோ பழைய இதழ்களைக் கேட்டுப் பாருங்கள். தமிழ்ப்பள்ளியின் சேர்க்கைப் பதிவேடும் நல்ல ஆதாரம். தோட்டம் போனாலும் பள்ளி இடம் மாறி வேறு ஊரில் இருக்கும். கோயில்களில் உபயக்காரர் பேர் வெட்டிய பளிங்குக் கற்களைக் கும்பாபிஷேகத்தின்போது பெயர்த்துப் போடுவதற்கு முன்னால் படம் எடுத்து வையுங்கள். தோட்டங்கள், தொழிலாளர் இலாகா பற்றிய கோப்புகள் தேசிய ஆவணக் காப்பகத்தில் உண்டு. ஆனால் அங்கே உங்கள் பாட்டன் பேரைத் தேடிப் போகாதீர்கள், தோட்டத்தின் பேரைச் சொல்லித் தேடுங்கள்.

காகிதம் எதுவுமே இல்லையா? குலதெய்வத்தைக் கேளுங்கள். ஊர் மறந்தவர்கள்கூடச் சாமியை மறக்கவில்லை. சிறுவாச்சூர் மதுரகாளியம்மன் என்றால் பெரம்பலூர்ப் பக்கம் தேடலாம். மேல்மலையனூர் அங்காளம்மன் என்றால் செஞ்சிப் பக்கம். நிச்சயம் அதே ஊர்தான் என்று சொல்ல முடியாது, ஆனால் திசை தெரியும்.

இங்கே ஓர் அன்பர் எழுந்து, "குலதெய்வம் என்று தொடங்கினால் சாதியில் போய்த்தான் முடியும், அதைக் கிளறத்தான் வேண்டுமா?" என்று கேட்டார். நியாயமான கேள்வி. என் அபிப்பிராயத்தைச் சொல்கிறேன். மூதாதையர் அனுபவித்த அவமானம் அவர்களுடைய வரலாற்றில் பாதி. அதை அழித்துவிட்டு எழுதினால், அவர்கள் ஏன் ஊரை விட்டு வந்தார்கள் என்பதே புரியாமல் போகும். எழுதி வையுங்கள். கல்யாணத் தரகுக்கு மட்டும் அந்த நோட்டைக் கொடுக்காதீர்கள்.

இதே மாதிரித்தான் மறைக்கப்படும் மற்றவையும். சயாமுக்குப் போனவர் திரும்பாததால் பாட்டி இன்னொருவரோடு சேர்ந்து வாழ்ந்தது, பக்கத்து லயத்து அநாதைப் பிள்ளையை எடுத்து வளர்த்தது, தாத்தாவுக்கு ஊரில் ஏற்கெனவே ஒரு குடும்பம் இருந்தது. பெரியவர்கள் இதைச் சொல்லத் தயங்குவார்கள். கட்டாயப்படுத்த வேண்டாம். சொன்னால் சொன்னபடி எழுதுங்கள். இன்னின்னார் இருக்கும்வரை வெளியில் காட்ட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டால், அதையும் பக்கத்திலேயே குறித்து வையுங்கள்.

கேட்கும் முறை ஒன்று உண்டு. தொழிலில் நான் கற்றதில் இதுதான் உருப்படியானது. "உங்க வரலாற்றைச் சொல்லுங்க பாட்டி" என்றால் பாட்டி, "என்னத்தப்பா சொல்றது, கஷ்டப்பட்டோம்" என்று முடித்துவிடுவார். "லயத்துல உங்க வீட்டுக்கு இடது பக்கம் யார் இருந்தாங்க?" என்று கேளுங்கள். பெரட்டுக்கு எத்தனை மணிக்கு எழுந்தீர்கள், ஆயாக் கொட்டகையில் பிள்ளையைப் பார்த்துக்கொண்டது யார், செக்ரோல் போட்ட கிராணி பேர் என்ன, உங்களுக்குப் பிரசவம் பார்த்தது யார் என்று கேளுங்கள். பேர்கள் தானாகக் கொட்டும். கைத்தொலைபேசியில் ஒலிப்பதிவை ஓடவிட்டு மேசைமேல் கவிழ்த்து வைத்துவிடுங்கள். திரையைப் பார்த்தால் பேச்சு நின்றுவிடும்.

பெண்களின் பேரை முதலில் கேளுங்கள். 1671இல் அக்காடியாவில் ஒரு பாதிரியார் வீடு வீடாக எடுத்த கணக்கில், மனைவியரின் பிறந்த வீட்டுப் பேரும் எழுதப்பட்டிருக்கிறது. அதனால்தான் இன்று தாய்வழியிலும் அவர்கள் ஏறிப் போக முடிகிறது. நம் வழக்கில் அம்மா பேர் பிள்ளையின் பிறப்புப் பத்திரத்தோடு சரி, பிறகு எதிலும் வராது. அம்பாங்கில் எங்கள் பக்கத்து வீட்டுப் பாட்டியிடம் பேசியபோது ஆண் வழியில் மூன்று பேர் சொன்னார். அம்மா வழியில் கேட்டதும் சற்று நேரம் சும்மா இருந்துவிட்டு ஆறு பேர் சொன்னார், ஒவ்வொருவருக்கும் எந்த ஊரில் எத்தனை பிள்ளைகள் என்பதோடு. இதுவரை யாரும் கேட்டதில்லையாம்.

கேட்டதை அன்றே எழுதுங்கள். தமிழிலும் எழுதுங்கள், பத்திரத்தில் உள்ள எழுத்துக்கூட்டலிலும் எழுதுங்கள். பட்டப் பேரை விடாதீர்கள். யார் சொன்னது, எந்தத் தேதி என்று கீழே போடுங்கள். பழைய புகைப்படங்களை அவர் முன்னால் பரப்பி ஒவ்வொரு முகத்துக்கும் பேர் கேட்டு, பின்பக்கத்தில் பென்சிலால் மெதுவாக எழுதுங்கள். பேனா வேண்டாம், மை முன்பக்கம் ஊறி முகத்தைக் கெடுத்துவிடும்.